பட்டையால் வந்த வழக்கு

நான் குடித்ததில்லை. இதை முதல் வரியிலேயே எழுதிவிடுகிறேன். கள், சாராயம், மலையில் திருட்டுத்தனமாகக் காய்ச்சுகிற பட்டை, துரைமார் குடிக்கிற சீமைச் சரக்கு எதையும் என் நாக்கு அறியாது. அப்படியிருந்தும் கொண்டப்பநாயக்கன்பட்டியில், பட்டப்பகலில், ஊர் கூடி வேடிக்கை பார்க்க, குடித்துவிட்டுக் கார் ஓட்டியவன் என்று என்னைப் பிடித்து உட்கார வைத்தார்கள். அதற்குச் சாட்சி சொன்னது வேறு யாருமில்லை, என்னுடைய வாயேதான். அந்தக் கதையை அவரவர் தங்கள் வசதிப்படி இத்தனை வருஷம் சொல்லிச் சிரித்துவிட்டார்கள். இப்போது என் முறை.

அப்போது நாமகிரிப்பேட்டையில் ஒரு மஞ்சள் மண்டி முதலாளியிடம் டிரைவராக இருந்தேன். அந்தச் சுற்றுவட்டாரத்தில் சொந்தமாகக் கார் வைத்திருந்தவர் அவர் ஒருவர்தான். அமெரிக்காவில் செய்த கார், துணிக்கூரை போட்டது. ஏற்காட்டில் காப்பித் தோட்டம் வைத்திருந்த ஒரு துரை சீமைக்குத் திரும்பும்போது விற்றுவிட்டுப் போனதை இவர் வாங்கியிருந்தார். வாங்கிய மறுநாளே ஊரில் அவருடைய வீட்டுக்குக் 'கார்க்காரர் ஊடு' என்று பெயர் வந்துவிட்டது. அந்தப் பெயரை யாராவது சொல்லிக் கேட்டால் முதலாளிக்கு முகம் மலர்ந்துவிடும். வெள்ளிக்கிழமை தோறும் காருக்கு மஞ்சள் குங்குமம் வைப்பார். கண்ணாடியைத் தன் துண்டாலேயே துடைப்பார். ஆனால் அதன் வயிற்றுக்கு அடியில் என்ன இருக்கிறது என்று ஒருநாளும் குனிந்து பார்த்தவரில்லை. குனிவது அவருக்குப் பழக்கமில்லை.

நான் சேலத்தில் ஒரு பஸ் பட்டறையில் நாலு வருஷம் கிடந்து தொழில் பழகியவன். வண்டிக்கு அடியில் படுத்தே பாதிநாள் போனது. அதனால் எந்த வண்டியில் ஏறினாலும் காது முதலில் கீழேதான் போகும்.

முதலில் வந்தது ஒரு சத்தம். ராசிபுரம் ரோட்டில் மாட்டுவண்டித் தடம் பள்ளமாகப் பதிந்திருக்கும். அதன்மேல் மெதுவாக ஏறி இறங்கும்போது இடது முன்சக்கரத்துப் பக்கமிருந்து 'டொக்' என்று ஒரு சத்தம். வேகமாகப் போனால் கேட்காது. மெதுவாகப் போனால்தான் கேட்கும். புதிதாகக் கார் ஏறுகிறவர்கள் இதைத் தலைகீழாக நினைப்பார்கள்; வேகத்தில் சத்தம் இல்லையென்றால் வண்டி நன்றாக இருக்கிறது என்று எண்ணிக்கொள்வார்கள். முதலாளியும் அப்படித்தான்.

"கல்லுத் தெறிக்குதப்பா. நீ சும்மா ஓட்டு" என்றார்.

கல் தெறித்தால் ஒருதரம் தெறிக்கும். தினமும் அதே இடத்தில், அதே சத்தத்தோடு தெறிக்கிற கல்லை நான் பார்த்ததில்லை. அடுத்த வாரம் காரைக் களத்தில் நிறுத்திவிட்டுத் தூரமாகப் போய் நின்று பார்த்தேன். யாரும் ஏறாத வெறுங்கார், தட்டையான களம், அப்படியும் கார் இடதுபக்கம் தோளைத் தொங்கப் போட்டுக்கொண்டு நின்றது. சக்கரத்துக்கும் மட்கார்டுக்கும் நடுவே வலதுபக்கம் என் கை தாராளமாக நுழைந்தது. இடதுபக்கம் விரல்தான் நுழைந்தது. டயரைத் தடவினேன். இடது டயரின் ஓரம் மட்டும் மொழுமொழுவென்று தேய்ந்திருந்தது, மற்ற இடத்தில் ரப்பரில் வெட்டின பூ அப்படியே இருந்தது. பிறகு மட்கார்டின்மேல் என் முழுக் கனத்தையும் கொடுத்து அழுத்திவிட்டுக் கையை எடுத்தேன். வலதுபக்கம் ஒரு எழும்பு எழும்பி அப்படியே நின்றது. இடதுபக்கம் ஆடிக்கொண்டே இருந்தது, தொட்டிலை ஆட்டிவிட்ட மாதிரி.

அதற்குமேல் சந்தேகம் இல்லை. கீழே படுத்துப் பார்த்தேன். அடுக்கில் இரண்டாவது பட்டையில் குறுக்கே மெல்லிய கோடு, அந்தக் கோடு நெடுகச் செந்தூள். இரும்பு விரிசல் விட்டு, அந்த விரிசல் உள்ளுக்குள்ளேயே உரசித் துருப்பிடித்தால் அப்படித்தான் தூள் கொட்டும். 

பட்டை என்று நான் சொல்வதை இங்கே விளக்கிவிட வேண்டும், ஏனென்றால் வழக்கே அதில்தான் இருக்கிறது. காரின் பாரத்தைத் தாங்குவதற்குச் சக்கரத்துக்குமேல் எஃகுத் தகடுகளை நீளமானதிலிருந்து குட்டையானது வரை ஒன்றோடொன்று அடுக்கி, வில்லாக வளைத்துக் கட்டியிருப்பார்கள். புத்தகத்தில் அதற்கு ஸ்பிரிங் என்று பெயர். பட்டறையில் அதைப் பட்டை என்றுதான் சொல்வோம். பட்டை ஒடிந்தது, பட்டை படுத்துவிட்டது, பட்டை மாற்ற வேண்டும், இதுதான் எங்கள் பேச்சு.

"மொதலாளிங்க, எடதுபக்கப் பட்டை போயிருச்சுங்க. சேலத்துல குடுத்து மாத்தோணுமுங்க" என்றேன்.

"பட்டைதானே? அதுக்கெதுக்குச் சேலம்? நம்மூர்ல இல்லாத பட்டையா?" என்றார்.

நான் அதைக் காதில் போட்டுக்கொள்ளவில்லை. போட்டுக்கொண்டிருக்க வேண்டும். மாரியம்மன் நோம்பிக்கு அக்காள் வீட்டுக்கு இரண்டு நாள் போய்விட்டுத் திரும்பி வந்தால், காருக்குப் பட்டை மாற்றியாகிவிட்டிருந்தது. மாற்றியவர் மாட்டுவண்டிப் பட்டறைக்காரர். வண்டிச் சக்கரத்தைச் சுற்றிலும் ஒரு இரும்பு வளையம் போடுவார்கள் அல்லவா, அதற்கும் எங்கள் பக்கத்தில் பட்டை என்றுதான் பெயர். முதலாளி அவரிடம் போய்ப் 'பட்டை போடோணும்' என்றிருக்கிறார். அவரும் சக்கரத்துக்குப் போடுகிற இரும்பில் ஒரு துண்டை வெட்டி, காய்ச்சி, வளைத்து, அளவு பிசகாமல் அடித்துப் பொருத்திவிட்டார். வேலையில் குறை சொல்ல முடியாது. பார்வைக்குப் பழைய பட்டையைவிட அழகாக இருந்தது.

ஆனால் இரும்பு வேறு. கார்ப் பட்டை எஃகு. அமுக்கினால் அமுங்கும், விட்டால் பழையபடி நிமிரும். வண்டி இரும்பு மெத்தென்றது; ஒருதரம் அமுங்கினால் அமுங்கியபடியே கிடக்கும். இதை முதலாளியிடம் சொன்னேன். நல்ல வார்த்தையில்தான் தொடங்கினேன்.

"நம்ம வண்டி எத்தனை மூட்டை மஞ்சள் இழுக்குது? அதுக்கும் இதே பட்டைதானப்பா" என்றார் முதலாளி.

"அது சக்கரத்தெச் சுத்திச் சும்மா கெடக்குதுங்க. இது காரெத் தூக்கிப் புடிக்கோணுமுங்க."

"நீ பட்டறையில படிச்சுப்போட்டு வந்து எனக்கு வண்டி சொல்லித் தாரியா? எங்கப்பன் காலத்துல இருந்து வண்டி கட்டுறோம்."

"வண்டி கட்டுனீங்க. கார் கட்டுலீங்களே."

இந்தக் கடைசி வாக்கியத்தை நான் சொல்லியிருக்கக் கூடாது என்று பலர் சொன்னார்கள். ஏன் சொல்லக் கூடாது? உண்மைதானே. முதலாளி மூன்று நாள் என்னோடு பேசவில்லை, கையால் ஜாடை காட்டித்தான் ஊர்ப் பெயரைச் சொன்னார். நானும் அந்த மூன்று நாளும் ஓட்டினேன். அங்கேதான் நான் தவறு செய்தேன், அதையும் மறைக்கப் போவதில்லை. ஓட்ட மாட்டேன் என்று, வண்டியைக் கிளப்பச் சுற்றுகிற ஹாண்டிலைக் கீழே வைத்திருக்க வேண்டும். வைக்கவில்லை. பிரேக் பிடித்தால் வண்டி இடதுபக்கம் இழுத்தது. நான் ஸ்டீரிங்கை வலதுபக்கம் வலித்துப் பிடித்துச் சமாளித்தேன். என் கைக்கு மீறி எந்த வண்டி போய்விடும் என்ற திமிர்.

அது மதுவிலக்கு வந்த புதிது. மாகாணத்திலேயே முதலில் எங்கள் சேலம் ஜில்லாவில்தான் கொண்டுவந்தார்கள். கள்ளுக்கடை, சாராயக்கடை எல்லாம் மூடிவிட்டதால் சரக்கு மலைக்கு ஏறிவிட்டது. வேலம்பட்டையை ஊறப்போட்டுக் காய்ச்சுவார்கள்; அதனால் அதற்குப் பட்டை என்றே பெயர். 'பட்டை போட்டிருக்கான்' என்று சொன்னால் சின்னப் பிள்ளைக்கும் அர்த்தம் தெரியும். ஏற்காட்டு மலையிலிருந்து அது இறங்கிவிடக் கூடாது என்று அடிவாரத்தில், கொண்டப்பநாயக்கன்பட்டியில், ஓலைக் கொட்டகை ஒன்று போட்டு ஒரு சப் இன்ஸ்பெக்டரும் இரண்டு கான்ஸ்டபிள்களும் உட்கார்ந்திருந்தார்கள். பிடிபட்டால் ஜெயில். டிரைவராக இருந்தால் லைசென்சும் போய்விடும். அதற்குப் பிறகு யாரும் அவன் கையில் ஒரு வண்டியைக் கொடுக்க மாட்டார்கள்.

முதலாளியின் மனைவிக்கு அக்காள் வீடு கொண்டப்பநாயக்கன்பட்டியில் இருந்தது. அந்த வீட்டுப் பெண்ணுக்கு நிச்சயதார்த்தம். காலையில் கிளம்பினோம். முதலாளி எனக்குப் பக்கத்தில், முன் சீட்டில். எப்போதும் அங்கேதான் உட்காருவார், பின்னால் உட்கார்ந்தால் ஊர்க்காரர்களுக்கு அவர் முகம் தெரியாது. பின் சீட்டில் அவர் மனைவி, மடியில் மூன்று வயது மகள், இரண்டு தாம்பாளம், பழக்கூடை. முதலாளி நல்ல கனமானவர், உட்கார்ந்தது இடதுபக்கம். வண்டி இரும்பு என்ன செய்யும்? அமுங்கிக்கொண்டே வந்தது. மல்லூர் தாண்டுவதற்குள் என் வலது தோள் வலிக்க ஆரம்பித்துவிட்டது. சேலம் கடந்து அடிவாரத்து ரோட்டில் போகும்போது, வழியில் நின்றவர்கள் எங்களைத் திரும்பித் திரும்பிப் பார்த்தார்கள். முதலாளி அவர்களுக்குக் கையை உயர்த்திக் கும்பிடு போட்டார். அவர்கள் காரைப் பார்த்ததற்குக் காரணம் அது கோணலாகப் போனதுதான்.

சாவடிக் கொட்டகைக்குக் கொஞ்சம் முன்னால் மேச்சேரிப் பக்கத்திலிருந்து சந்தைக்கு ஓட்டிவந்த செம்மறிக் கூட்டம் ஒன்று ரோட்டைக் கடந்தது. பிரேக்கை மிதித்தேன். 'டொக்' இல்லை, 'டமார்' என்றே கேட்டது. கார் மூக்கை இடதுபக்கம் குத்திக்கொண்டு, நான் வலித்ததையெல்லாம் மதிக்காமல், ரோட்டை விட்டு இறங்கி ஆட்டுக்கூட்டத்தின் ஓரத்தில் போய் நின்றது. ஒரு கிடாய் தூக்கி எறியப்பட்டு விழுந்து எழுந்தது. பின் சீட்டில் குழந்தை வீரிட்டது. பழங்கள் ரோடெல்லாம் உருண்டன.

நான் இறங்கினேன். பயமும் கோபமும் ஒன்றாகச் சேர்ந்துவிட்டன. முதலாளியைப் பார்த்து, அந்த ரோடு முழுவதும் கேட்கும்படி கத்தினேன்:

"சொன்னேனுங்களே! எல்லாம் இந்தப் பட்டையால வந்ததுங்க! பட்டை, பட்டைன்னு தலபாடா அடிச்சுக்கிட்டேனே!"

அதற்குள் ஊர் கூடிவிட்டது. கூட்டத்தில் யாரோ ஒருவர், "அவனே ஒத்துக்கிட்டானப்பா" என்றார். இன்னொருவர், "காத்தாலயே பட்டையா!" என்றார். கொட்டகையிலிருந்து கான்ஸ்டபிள் ஓடிவந்து என் கையைப் பிடித்தார்.

ஆட்டுக்காரர் மட்டும் வேறு மாதிரி பேசினார். அவர் கிடாயின் காலைத் தடவிப் பார்த்துவிட்டு, "பெசகிருக்குது, அவ்வளவுதான்" என்றார். பிறகு எங்கள் காரைப் பார்த்துக்கொண்டே, "ஏனுங்க, இந்த வண்டிக்கு எடது முன்னங்கால் நொண்டுதுங்களே. வரும்போதே பாத்தேன். இவரு அக்கட்ட இழுக்கறாரு, அது இக்கட்ட வருது" என்றார். கார் ஏறியே பார்க்காத மனிதர். ஆனால் நொண்டுகிற பிராணியைப் பார்த்துப் பழகிய கண். அவர் சொன்னதை யார் கேட்டார்கள்? ஆட்டை ஓட்டிக்கொண்டு போ என்று கான்ஸ்டபிள் விரட்டிவிட்டார்.

கொட்டகையில் பெஞ்சியில் உட்கார வைத்தார்கள். சப் இன்ஸ்பெக்டர் தெற்கத்திக்காரர், இங்கே வந்து சில மாதம்தான் ஆகியிருந்தது. நெற்றியில் மூன்று விரல் அகலத்துக்கு விபூதிப் பட்டை. பட்டை இல்லாத இடமே இல்லை அன்றைக்கு.

"என்னய்யா, குடிச்சியா?"

"இல்லீங்க."

"பட்டைன்னு நீயே கத்துனதா நாலு பேர் சொல்றான்."

"கத்துனேனுங்க. அது கார்ப் பட்டைங்க."

கான்ஸ்டபிள் சிரித்துவிட்டார். "காருக்கு யாருய்யா பட்டை ஊத்துறான்?" என்று கேட்டார். வெளியே நின்றவர்களும் சிரித்தார்கள். நான் விளக்க விளக்க அவர்களுக்குச் சிரிப்பு அதிகமானது. குடித்தவன்தான் ஒரே வார்த்தையைத் திரும்பத் திரும்பச் சொல்வான் என்று அவர்கள் கணக்கு.

சிரிப்பு என்னைச் சுட்டது. என் அப்பா குடித்தவர். கள்ளுக்கடையிலிருந்து அவரைத் தூக்கி வந்து வாசலில் போடுவார்கள். பக்கத்து வீட்டுக்காரர்கள் இதே மாதிரிதான் சிரிப்பார்கள். அந்தச் சிரிப்பை என் அம்மா தலை குனிந்து கேட்டுக்கொண்டு நின்றதை நான் பார்த்திருக்கிறேன். அப்பா செத்த அன்று, என் வாழ்நாளில் எவனும் என்னைப் பார்த்து அப்படிச் சிரிக்கக் கூடாது என்று முடிவு செய்துகொண்டேன். ஒரு சொட்டுத் தொடாமல் அதைக் காப்பாற்றியும் வந்தேன். இப்போது குடிக்காமலே அந்தச் சிரிப்பு வந்து சேர்ந்துவிட்டது. லைசென்ஸ் போனால் வேறு வேலை பார்த்துக்கொள்ளலாம். இந்தச் சிரிப்போடு எப்படி வீட்டுக்குப் போவது?

முதலாளி கொட்டகை வாசலில் நின்றார். காலையிலிருந்து என் தோளோடு தோள் உரச உட்கார்ந்து வந்தவர். நான் குடித்தேனா இல்லையா என்று அவர் மூக்குக்குத் தெரியும். அவரைப் பார்த்தேன். அவர் துண்டை எடுத்துக் கழுத்தைத் துடைத்துக்கொண்டு ரோட்டைப் பார்த்தார்.

கான்ஸ்டபிள் ஒரு காகிதத்தில் எழுதி, மசிப்பெட்டியையும் சேர்த்து என் பக்கம் தள்ளினார். கட்டைவிரலை வை என்றார். எனக்குப் படிக்கத் தெரியும் என்று அவருக்குத் தோன்றவில்லை. காகிதத்தை எடுத்து வாய்விட்டுப் படித்தேன்: 'பட்டையால் வண்டி என் கைக்கு அடங்காமல் போய்விட்டது என்று ஒப்புக்கொள்கிறேன்.' ஒவ்வொரு எழுத்தும் உண்மை. மொத்தமும் பொய். 

"இதுல ஒரு வார்த்தை கொறையுதுங்க. அதெச் சேத்தாத்தான் கையெழுத்து" என்று காகிதத்தைத் திருப்பித் தள்ளினேன்.

முதலாளி அப்போதுதான் உள்ளே வந்தார். குனிந்து என் காதில், "வெச்சுப்போடு சாமி. நான் பெரிய எடத்துல சொல்லி ஒண்ணும் ஆகாமப் பாத்துக்கறேன். நிச்சயத்துக்கு நேரமாச்சு" என்றார். அவர் குனிந்து நான் பார்த்தது அதுதான் முதல்தடவை.

"நீங்க இப்போ இவங்ககிட்ட ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்க. அது போதுமுங்க" என்றேன். அவர் நிமிர்ந்து மறுபடி வெளியே போய்விட்டார்.

அந்தச் சமயத்தில் மலையிலிருந்து சர்க்கார் டாக்டர் தன் காரில் இறங்கி வந்தார். வாரம் ஒருநாள் மலைக்குப் போய்த் திரும்புகிறவர். காரைத் தானே ஓட்டுவார். சப் இன்ஸ்பெக்டர் அவரை நிறுத்தி, என்னைப் பார்க்கச் சொன்னார். டாக்டர் என்னை ஊதச் சொன்னார், கண்ணைப் பார்த்தார், நடக்கச் சொன்னார்.

"வாசனை இல்லை. நடை சரியாக இருக்கிறது" என்றார்.

"ஏலக்காய் மென்னிருப்பான் சார். குடிக்காதவன் நேர் ரோட்டை விட்டு எப்படி இறங்குவான்? பிரேக் பிடிச்ச தடத்தைப் பாருங்க, பாம்பு மாதிரி போயிருக்கு."

இதற்காகத்தான் நான் காத்திருந்தேன் என்று சொன்னால் பொய். அந்த நிமிஷத்தில்தான் தோன்றியது. எழுந்து நின்றேன். கான்ஸ்டபிள் உட்கார் என்றார். நான் உட்காரவில்லை.

"டாக்டருங்க குடிக்கறவருங்களா?" என்று சப் இன்ஸ்பெக்டரைக் கேட்டேன்.

"என்னடா பேசுறே?"

"அவரும் கார் ஓட்டறவருதானுங்களே. எங்க காரெ அவரையே ஓட்டச் சொல்லுங்க. பாம்பு மாதிரி போகாம நேராப் போயி நின்னுதுன்னா, நீங்க எழுதுனதுல கையெழுத்தில்லீங்க, பத்து வெரல் ரேகையும் வெக்கறேன்."

அடி விழும் என்றுதான் நினைத்தேன். டாக்டருக்கு என்ன தோன்றியதோ, ஒருதரம் என்னை மேலும் கீழும் பார்த்தார். கோட்டைக் கழற்றி பெஞ்சியில் போட்டுவிட்டு வெளியே நடந்தார். நான்தான் ஹாண்டில் போட்டு வண்டியைக் கிளப்பிக் கொடுத்தேன். பின்சீட்டில் குழந்தையோடு உட்கார்ந்திருந்த முதலாளியின் மனைவியை, "எறங்கிக்கோங்கம்மா" என்று இறக்கி ஓரமாக நிற்க வைத்தேன். முதலாளியை மட்டும் முன்சீட்டில் ஏறச் சொன்னேன். காலையில் இடதுபக்கம் இருந்த கனம் அப்படியே இருக்க வேண்டும் அல்லவா. அவர் தயங்கினார். டாக்டர் வாங்க என்றதும் ஏறினார்.

டாக்டர் ரோட்டில் கொஞ்ச தூரம் போய்த் திருப்பிக்கொண்டு எங்களை நோக்கி வந்தார். கொட்டகைக்கு எதிரே வந்ததும், நான் கையைத் தூக்க, பிரேக்கை மிதித்தார். அந்தக் கோணல் எனக்கு நாலு நாள் பழகியது, அவருக்குப் புதிது. கார் அவரைக் கேட்கவே இல்லை. மூக்கை இடதுபக்கம் குத்தியது, ரோட்டை விட்டு இறங்கியது, கொட்டகையின் மூலைக் கம்பை இடித்துச் சாய்த்துவிட்டு, சப் இன்ஸ்பெக்டரின் சைக்கிள்மேல் ஏறி நின்றது. ஓலை சரிந்து கான்ஸ்டபிள் தலையில் விழுந்தது. புழுதி அடங்கியதும் எல்லோரும் ரோட்டைப் பார்த்தார்கள். காலையில் நான் போட்ட தடத்துக்குப் பக்கத்திலேயே அதே மாதிரி இன்னொரு தடம், அதே பாம்பு.

நான் சப் இன்ஸ்பெக்டரிடம் திரும்பி, கூட்டத்துக்கெல்லாம் கேட்கும்படி சொன்னேன்:

"டாக்டரையும் ஊதச் சொல்லுங்க."

சிரிப்பு வெடித்தது. இந்தத் தடவை அது என்னைப் பார்த்து வரவில்லை. டாக்டரும் ஸ்டீரிங்கைப் பிடித்தபடியே சிரித்துவிட்டார். பிறகு இறங்கி, பேண்ட் அழுக்காவதையும் பார்க்காமல் மண்ணில் முட்டி போட்டு நான் காட்டிய இடத்தைப் பார்த்தார். வண்டி இரும்பு நடுவில் பள்ளமாக வளைந்து கிடந்தது. அதற்கு மேலிருந்த மூலப்பட்டை, அடுக்கிலேயே நீளமானது, இரண்டாக ஒடிந்திருந்தது. ஆக்சில் ஒரு கையகலம் பின்னால் தள்ளியிருந்தது.

"இதை ஓட்டிக்கொண்டு நாமகிரிப்பேட்டையிலிருந்து வந்தாயா? குடித்தவனால் முடியாது" என்றார்.

சப் இன்ஸ்பெக்டர் காகிதத்தை எடுத்துக் கிழிக்கப் போனார். நான் தடுத்தேன்.

"கிழிக்காதீங்க. கிழிச்சா, கையில எதையோ திணிச்சுப்போட்டுத் தப்பிச்சுக்கிட்டான்னு ஊர்ல பேசுவாங்க. ஒரு வார்த்தை சேத்து எழுதுங்க."

கான்ஸ்டபிள் தலையிலிருந்த ஓலைத் தும்பைத் தட்டிவிட்டு, பட்டை என்பதற்கு முன்னால் 'காரின்' என்று எழுதினார். போதாது, 'ஒடிந்த' என்றும் எழுதுங்கள் என்றேன். எழுதினார். கட்டைவிரல் வைக்கவில்லை, பேனாவை வாங்கி முழுப் பெயரையும், அப்பா பெயரையும் சேர்த்துக் கையெழுத்துப் போட்டேன். டாக்டர் அதன்கீழ் இங்கிலீஷில் இரண்டு வரி எழுதிக் கையெழுத்திட்டார்.

கூட்டம் கலைந்தது. முதலாளி என்னிடம் வந்து, ஒன்றும் நடக்காதது போல, "செரி, மெதுவா உருட்டிக்கிட்டுப் போயரலாம். ஹாண்டிலைப் போடப்பா" என்றார்.

நான் ஹாண்டிலைக் கையில் வைத்துக்கொண்டே கேட்டேன். "காத்தால இருந்து எம்பக்கத்துல உக்காந்து வந்தீங்க. நாங் குடிக்கலைன்னு உங்களுக்குத் தெரியுமுங்க. ஏனுங்க சொல்லலே?"

அவர் பொய் சொல்லியிருக்கலாம். பயந்துவிட்டேன் என்றோ, போலீஸ்காரரிடம் பேசத் தெரியவில்லை என்றோ சொல்லியிருந்தால் நான் நம்பியிருப்பேன், ஒருவேளை மன்னித்தும் இருப்பேன். ஆனால் அவர் கூச்சமே இல்லாமல் உள்ளதைச் சொன்னார்.

"அதெப்படியப்பா சொல்லுவேன்? நீ குடிக்கலைன்னா காரு சொத்தைன்னு ஆயிருமல்லோ. நாளைக்கு ஊர்ல கார்க்காரர் ஊட்டுக் காரு சொத்தைன்னு பேசுனா, எனக்கு மருவாதியா?"

அவர் நிஜமாகவே என் பதிலுக்குக் காத்திருந்தார். இதில் கோபப்பட என்ன இருக்கிறது என்பது போல அவர் முகம் இருந்தது. காருக்கு ஒரு பெயர் இருந்தது. டிரைவருக்கு என்ன பெயர் வந்தால் என்ன?

ஹாண்டிலை முன்சீட்டில், அவர் உட்காருகிற இடத்தில் வைத்தேன். "கும்பிடறேனுங்க" என்றேன். அவ்வளவுதான் சொன்னேன். அதற்குமேல் ஒரு வார்த்தையும் அவருக்குச் செலவழிக்க எனக்கு இஷ்டமில்லை. சேலம் ரோட்டில் நடக்க ஆரம்பித்தேன்.

"டேய், நீ போயிட்டா யார்றா ஓட்டறது? பொம்பளையும் கொழந்தையும் நடுரோட்டுல நிக்கறதா?" என்று பின்னாலிருந்து கத்தினார்.

பத்தடி போயிருப்பேன். கொலுசுச் சத்தமும் வளையல் சத்தமும் கேட்டன. திரும்பினேன். முதலாளியின் மனைவி, குழந்தையை இடுப்பில் வைத்துக்கொண்டு, தாம்பாளங்களை ரோட்டோரத்திலேயே விட்டுவிட்டு, அக்காள் வீடு இருந்த திசையில் வேகமாக நடந்துகொண்டிருந்தார். அந்த அம்மாள் அதுவரை கணவருக்கு முன்னால் நடந்து நான் பார்த்ததில்லை. முதலாளி அவரைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார், இரண்டு தடவை. அந்த அம்மாள் நிற்கவில்லை. நடந்துகொண்டே சொன்னதுதான் எங்கள் இருவருக்கும் கேட்டது.

"அந்த மனுசனெக் குடிகாரன்னு சொல்றப்ப சும்மா நின்னீங்களே, நாளைக்கு எம்புள்ளைய ஊரு என்னன்னு சொன்னா வாயத் தொறந்து பேசுவீங்க?"